எட்டுப் பக்கம்

ஊத்தான் மெலிந்தாங் ஆலையில்
எனக்கு இரவு வேலை.
எடைமேடைக் கண்ணாடி அறை.
ஓர் ஏர்கோன், பாதிதான் ஓடும்;
பிரிண்டரும் அப்படித்தான்.
இரண்டு லோரிகளுக்கு நடுவே
பத்து நிமிடமும் கிடைக்கும்
ஒரு மணி நேரமும் கிடைக்கும்.
நான் படித்த அத்தனையும்
அந்தச் சந்தில் படித்தவை.

பட்டணத்தில் தமிழ்ப் புத்தகம் விற்ற கடை
இப்போது கைப்பேசி உறை விற்கிறது.
வருத்தமில்லை.
அங்கே இருந்தது
பஞ்சாங்கமும் பரீட்சை வழிகாட்டியும்தான்.
அதே கடையில் வாங்கிய உறைக்குள்
இன்று நானூற்றுப் பன்னிரண்டு புத்தகங்கள்.
மழை வந்தால் சிக்னல் போய்விடும்;
மேகம் கறுக்கும்போதே
அவசரமாய் இறக்கிவைப்பேன்,
கொடியில் காயும் துணியை
அள்ளிக்கொண்டு ஓடுவதுபோல.

புதுப் புத்தகம் நல்ல பிள்ளை.
பதினெட்டு வெள்ளி, தங்கை மகன் அட்டையில் வாங்கியது.
சொன்னால் எழுத்து பெரிதாகும்.
விட்ட இடத்தில் காத்திருக்கும்.
செம்பனை என்று தேடிப் பார்த்தேன்.
முடிவுகள் ஏதுமில்லை.
பனை என்றேன்.
மூன்று இடம்; மூன்றிலும் நுங்கு.

பழையது அப்படியில்லை.
யாரோ எங்கோ உட்கார்ந்து
தாள் தாளாய்ப் படமெடுத்தது.
கோணலாய் நிற்கும். தேட விடாது.
மூன்றாம் பக்கத்தில் நுழைந்த பூச்சி
முப்பத்தொன்றில் வெளியேறியிருக்கிறது;
அது தின்ற எழுத்துகளை
நான்தான் போட்டுக்கொள்ள வேண்டும்.
ஓரத்தில் அடிக்கடி
ஒரு கட்டைவிரல்.

நகம் கடிக்கிற விரல்.
ஒன்பதாம் பக்கத்தில் மஞ்சள் கறை,
சாப்பிட்டு வந்து எடுத்திருக்க வேண்டும்.
இருபத்திரண்டில் பிளாஸ்டர்.
முப்பத்தெட்டில் அந்தப் பிளாஸ்டர் அழுக்கு.
நாற்பத்தேழில் இல்லை;
இளஞ்சிவப்பாய் ஒரு கோடு மட்டும்.
ஒரு நாளைக்கு நாலைந்து தாள்தான் போல.
அவருக்கும் இடையிடையே
லோரி வருமோ என்னமோ.
கதையில் பாகப்பிரிவினை இழுத்துக்கொண்டே போனது.
எனக்குக் காயம் ஆறியதே நிம்மதி.

காவலுக்கு நிற்கும் மிஜானுர்
அதேபோல் ஒன்றை வங்காளத்தில் படிக்கிறான்.
மலாயில் கூப்பிட்டுக் காட்டினான்.
எழுத்தெல்லாம் ஒரே கோட்டில் தொங்கின.
ஓரத்தில் ஒரு சுண்டுவிரல், மருதாணியோடு.
என் கட்டைவிரலைக் காட்டினேன்.
இரண்டு பேரும் சிரித்தோம்,
வீட்டு ஆட்களை
அறிமுகம் செய்துவைத்ததுபோல.

நேற்றுத்தான் சிக்கல்.
ஐம்பத்தாறாம் பக்கத்தில் அமிர்தவடிவு
கொல்லைக் கதவைச் சாத்திக்கொண்டு அழுகிறாள்.
விரலால் தள்ளினால் அறுபத்தைந்து.
கிணற்றடியில் நின்று சிரிக்கிறாள்.
எட்டுப் பக்கம் காணோம்.
வேறு பிரதி தேடினேன்.
ஒரே கோப்பு, நான்கு பெயர்களில்;
நான்கிலும் அதே விரல்,
அதே பள்ளம்.

அழுதவள் எதற்குச் சிரித்திருப்பாள்?
மிஜானுரைக் கேட்டேன்.
யாராவது வந்திருப்பார்கள் என்றான்.
அவன் மனைவியைப் பார்த்து மூன்று வருடம்.
யாராவது போயிருப்பார்கள் என்றேன்.
ஏன் என்று அவன் கேட்கவில்லை.

நாலு பத்துக்குச் சவரிநாதன் லோரி.
குலையோடு ஏறியது,
இருபத்தாறாயிரத்து நானூறு கிலோ.
உள்ளே போய்க் கொட்டிவிட்டு வந்து
வெறுமையாய் ஏறியது,
பதினோராயிரத்து இருநூறு.
கழித்துச் சீட்டுக் கொடுத்தேன்.
எத்தனையோ வருடமாய் இதே வேலை.
கொட்டுவதை ஒரு நாளும் பார்த்ததில்லை.
கொதிகலன் மறைக்கும்.
போகும்போது ஓர் எடை,
வரும்போது ஓர் எடை,
நடுவில் நடந்ததற்கு
என் கையெழுத்தே போதுமாம்.

லோரி போனது.
ஐம்பத்தாறை மறுபடி படித்தேன்.
பிறகு அறுபத்தைந்து.
அமிர்தவடிவு வாளியை இறக்குகிறாள்,
சிரிப்பு இன்னும் அடங்கவில்லை.
ஓரத்தில் கட்டைவிரல்.
அதில்
புதிதாய் ஒரு பிளாஸ்டர்.