ஊமைக் கட்டை

லியேபாயாவில் கடல் பாதி உறைந்திருந்த வாரம்
தண்ணீர் வற்றி இருபது வருடமான நீச்சல் குளத்துக்குள்
ஒரு பியானோவை இறக்கினோம்.
ஆறு பேர், இரண்டு கயிறு,
தாலிவால்திஸின் ஓயாத வசவு.
ஆழம் 3.20 என்று சுவரில் இன்னும் எழுதியிருந்தது.

உட்கார்ந்து வாசித்துப் பார்த்தார்.
நடுவில் ஒரு கட்டை மட்டும் பேசவில்லை.
அழுத்தினால் மரம் மரத்தைத் தொடும் சத்தம்,
கம்பளிக்குள் யாரோ இருமியதுபோல.
பழுது பார்க்கிறவர் வெள்ளிக்கிழமைதான் வருவாராம்.
எங்களுக்குக் கிடைத்த வெளிச்சமோ
அன்று மூன்று மணி வரை.

விஸ்மா ஒன்றும் சொல்லவில்லை.
காலுறையைக் கழற்றிவிட்டு
நீல ஓடுகளின் மேல் போய் நின்றாள்.

இடக்கை நடந்துகொண்டே இருக்கும் இசை அது.
வலக்கைக்கு அவசரமே கிடையாது.
அவளும் அப்படித்தான்:
இடுப்புக்குக் கீழே நடை,
தோளுக்கு மேலே தாமதம்.
பேசாத கட்டை வரும்போதெல்லாம்
ஆட்டத்தை அந்தரத்தில் விட்டாள்.
தூக்கிய குதிகால் தூக்கியபடி.
பதினேழு முறை.
கேமராவுக்குப் பின்னால் ஸ்கைத்ரீதே
மூச்சை அடக்கி, அடக்கி, கடைசியில்
லென்ஸ் மேலேயே விட்டுவிட்டுத்
தன்னைத் திட்டிக்கொண்டாள்.

மார்ச்சில் ரீகாவிலிருந்து ஒலி வந்தது.
நல்ல அறை. எண்பத்தெட்டுக் கட்டையும் வாய் திறக்கும் பியானோ.
குளத்துப் பதிவைக் காதில் மாட்டிக்கொண்டு
வினாடி பிசகாமல் வாசித்திருந்தார் மனிதர்.
படத்தோடு சேர்த்து ஓட்டினேன்.
அந்தச் சுரம் வந்தது,
டம்ளரில் கரண்டி பட்டதுபோலத் தெளிவாக.
விஸ்மா நின்றாள்.
எதற்கு நிற்கிறாள்?
அடவு மறந்த பெண்ணைப்போல் இருந்தது.
பதினேழு முறை மறந்தாள்.

நிற்கும் இடத்திலெல்லாம்
வாசிக்கும் விரல்களை ஒட்டிப் பார்த்தேன்.
அழகாகத்தான் இருந்தது,
பல் கட்டிய வாய்போல.

இரவு ஒரு மணிக்குத் தாலிவால்திஸை எழுப்பினேன்.
அந்தச் சுரத்தை எடுத்துவிடட்டுமா?
வெகுநேரம் பேச்சில்லை. எங்கோ கெட்டில் கொதித்தது.
"நாற்பது வருஷமாய் வாசிக்கிறேன்.
அங்கே ஒரு பள்ளம் இருப்பதை
அவள் நின்றபோதுதான் பார்த்தேன். எடு."
வைக்கப் போனவர், பிறகு,
"கடைசி ஒன்றை விட்டுவை" என்றார்.

பதினாறை எடுத்தேன்.
குளத்தின் மரச்சத்தத்தை அங்கே வைத்தேன்.
பதினேழாவது ஒலிக்கிறது.
அப்போது, அந்த ஒரு முறை மட்டும்,
அவள் குதிகால் ஓட்டின் மேல்
மெதுவாக இறங்குகிறது.
படம் பிடித்த அன்றே இறங்கியிருக்கிறது.
ஊமைக் கட்டையிலிருந்து
அவளுக்கு அன்று என்ன கேட்டதோ.
நான் கேட்கவில்லை.