பதிலுக்கு நின்றவள்

சுண்ணாம்பாற்றுப் படகுத்துறையில்
டிக்கெட் கூண்டுக்குள் உட்கார்ந்தே இருப்பதால்
என் உயரம் யாருக்கும் தெரியாது.
டீ குடிக்க எழுந்தபோது பார்த்துவிட்டான்
சினிமாக் கம்பெனி ஆள்.
"அஞ்சடி ஒன்பது இருப்பீங்களா?
சும்மா நிக்கணும். நாளைக்குத் தொள்ளாயிரம்."

பள்ளிக்கூடத்தில் கொக்கு என்று
பெயர் வாங்கித் தந்த உயரம்
முதல்முறையாகச் சம்பளம் வாங்கித் தந்தது.

வைசியாள் வீதியில் ஒரு பழைய வீடு.
தரையில் சிவப்பு டேப்பால் ஒட்டிய
தலையில்லாத சிலுவை.
அதன்மேல் நிற்பேன்.
வெளிச்சம் ஏமாந்துவிடக் கூடாதென்று
என் கன்னத்தில் பவுடர் அப்புவார்கள்.
விளக்கைத் திருப்புவார்கள், நிழலை நகர்த்துவார்கள்,
எல்லாம் சரியானதும்
"போதும் அமலோற்பவம்" என்பார்கள்.
நான் விலக,
அந்த இடத்தில் வந்து நிற்பாள்
உல்ரிக்கே டாம்ரோவ்.

அவளுக்கு அரைகுறை பிரெஞ்சு.
எனக்கு, அப்பாவின் சொல்தா பென்ஷன் படிவங்களை
நிரப்பிப் பழகிய பிரெஞ்சு.
அதில் பிறந்த தேதி, இறந்த தேதி,
மனைவி பெயர், கையொப்பம்
இவ்வளவுதான் உண்டு.
அதுவே எங்களுக்குப் போதுமாயிருந்தது.

பத்தொன்பது வயதில்
கூட்டுப்பண்ணை டிராக்டர்மேல் ஏறிச் சிரித்தாளாம்.
கிழக்கு ஜெர்மனியில் அப்படிச் சிரிக்க
ஆள் எடுத்தார்கள்.
சுவர் விழுந்த வருடம்
பாதியில் நின்ற படம் பெட்டிக்குள்ளேயே போயிற்று.
நாடு போனதுகூடப் பரவாயில்லை, என்றாள்,
எனக்கு அதில் நல்ல க்ளைமாக்ஸ்.
பிறகு சலவைத்தூள்.
பிறகு காபித்தூள்.
பிறகு ஒன்பது வருடம், வாரம் தவறாமல்,
டிவியில் தலைமை நர்ஸ்.
ரயிலில் முன்பின் தெரியாதவர்கள்
சட்டையைத் தூக்கித் தழும்பு காட்டுவார்களாம்.
ஒரு செவ்வாய்க்கிழமை அந்த நர்ஸை லாரி மோதியது.
மோதுகிற காட்சிகூட இல்லை.
யாரோ போனில் சொன்னார்கள்,
இன்னொருவர் "அடடா" என்றார்.
முடிந்தது.
அதற்கப்புறம் துப்பறியும் தொடர்களில்
நான்கு தடவை பிணம்.
"மூச்சை அடக்குவது சுலபம்,
இமையைத்தான் நம்ப முடியாது."

இங்கே, ஐம்பத்தெட்டு வயதில்,
காணாமல்போன மகளைத் தேடிவந்த தாய்.
உனக்குப் பிள்ளைகள்? என்று கேட்டேன்.
கால்ஷீட் கணக்குப் பார்ப்பவள்போல
விரல்களை மடக்கி மடக்கிப் பார்த்துவிட்டு
இளநீர் வேண்டுமென்றாள்.

இளநீரோ, ஐஸோ, எதுவோ.
கடைசி நாள் எழுந்திருக்கவே முடியவில்லை அவளால்.
விடிகிற நேரம், கடற்கரைச் சாலை.
மகள் கிடைக்காத தாய் நடந்து போக வேண்டும்,
படம் முடிய வேண்டும்.
"முதுகுதானே" என்றார் டைரக்டர்.
அவள் சாம்பல்நிறக் கவுனை எனக்கு மாட்டி
நரைத்த விக்கை வைத்து
திரும்பிப் பார்க்காதே என்றார்கள்.

ஆறு மணிக்குக் குழாய் நின்றுவிடும்.
வீட்டில் ஒரு குடம்கூட நிரப்பவில்லை.
வேகமாக நடந்தேன்.
அவள் செருப்பு கடித்தது. மெதுவாக நடந்தேன்.
கலங்கரை விளக்கத்தருகே ஒருகணம்
தண்ணீர் போனால் போகட்டும் என்று நின்றேன்.
கட் சொன்னது கேட்கவில்லை.

பதினான்கு மாதம் கழித்து ஒரு கடிதம்.
ஜெர்மன் பத்திரிகையின் துண்டு,
ஓரத்தில் பென்சிலால் பிரெஞ்சில்:
'அந்த இறுதி நடையில், அந்த ஒரு நிற்றலில்,
நாற்பது வருட நடிப்பு தெரிகிறது
என்று எழுதியிருக்கிறான்.
நான் யாரிடமும் மறுக்கவில்லை.
இப்போது ஒரு கார்ட்டூன் ஆமைக்குக் குரல் கொடுக்கிறேன்.'
கூடவே ஐம்பது யூரோ நோட்டு ஒன்று.
'உன் முதுகுக்கு.'

மிஷன் வீதியில் பணம் மாற்றுகிற பையன்
நோட்டை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்து
எதுக்குக்கா அனுப்பினாங்க, என்றான்.
முதுகுக்கு என்றேன்.
ஐயோ, ரொம்ப வலியா, என்றான்.
எண்ணிக் கொடு என்றேன்.