இடது காது

மேடைக்கு அடியில் மூன்றடிக்கு இரண்டடிப் பெட்டி.
உள்ளே ஒரு முக்காலி, நாற்பது வாட் விளக்கு,
நாடகப் பிரதி, என் ஆஸ்துமா.
அங்கிருந்து பார்த்தால்
மன்னர்களிடமும் முதலில் தெரிவது செருப்புத்தான்.

எக்பர்ட் நோட்னாகல் எனக்கு அறிமுகமானதும் அப்படித்தான்.
ஐம்பத்தொன்பது அக்டோபர், ஆல்டன்பர்க் நாடக அரங்கம்.
வாய் பிளந்த பூட்ஸ், உள்ளே நனைந்த காலுறை.
தூதன் வேடம், ஒற்றை வரி:
'பாலம் உடைந்துவிட்டது, பிரபு.'
பாலம் வரைக்கும் வந்துவிட்டான்.
அதற்கு மேல் வரவில்லை.
'உடைந்துவிட்டது' என்று நான் கிசுகிசுத்தேன்.
நானே போய் உடைத்ததுபோல
இடப்பக்கம் தலை சாய்த்து என்னைப் பார்த்தான்.
பிறகு சொன்னான், மிக மெல்ல.
கெட்ட செய்தியை இப்படியல்லவா சொல்ல வேண்டும் என்று
மறுநாள் பத்திரிகையில் எழுதியிருந்தார்கள்.

(பெட்டி நடுவில்தான் இருந்திருக்க வேண்டும்.
போருக்குப் பின் மேடையைச் செப்பனிட்ட தச்சன்
அளவு பிசகி இடப்பக்கம் தள்ளிவிட்டான்.)

இருபத்திரண்டு வருடம் அடியெடுத்துக் கொடுத்தேன்.
கந்துவட்டிக்காரன், இரண்டு பிஷப்புகள்,
குழந்தைகள் நாடகத்தில் பல்வலி வந்த கரடி.
ஒன்றரைப் பக்க வசனம் அவனுக்குத் தண்ணீர்பட்ட பாடு.
'ஆமாம்', 'போகட்டும்', 'உட்கார்'
இவைதாம் தொண்டையில் நின்றுகொள்ளும்.
அவன் மனைவி குண்டுலா
பெட்டியோடு லைப்சிக் ரயிலேறிய இரவில் மட்டும்
ஓர் எழுத்துப் பிசகவில்லை.
மூன்று மணி நேரம்
வேலையில்லாமல் அவன் பூட்ஸைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

எண்பத்தொன்றில் பாபெல்ஸ்பெர்க்கிலிருந்து கார் வந்தது.
படப்பிடிப்பில் பெட்டி கிடையாது.
முதல் படத்தில் துறைமுகப் பொறியாளன்.
திரை முழுக்க அவன் முகம்.
பதில் சொல்லுமுன் தலை இடப்பக்கம் ஒரு விரற்கடை சாய்கிறது,
கண் கீழே எதையோ தேடுகிறது.
சிந்தனையின் ஆழம் என்றார்கள்.
மௌனத்தைப் பேசவைத்தவன் என்று விருது கொடுத்தார்கள்.
பெர்லின் நடிப்புப் பள்ளியில் பிள்ளைகள்
கண்ணாடி முன் நின்று கழுத்தைச் சாய்த்துப் பழகினார்களாம்.
ஆல்டன்பர்க்கில் நான் இரைப்பு வரும்வரை சிரித்தேன்.

சுவர் விழுந்தது.
சம்பளப் பட்டியலில் என் பெயருக்கு நேரே
அளவுகோல் வைத்து ஒரு கோடு.
அவனை மேற்கத்தித் தொலைக்காட்சி அழைத்துக்கொண்டது,
அந்தத் தாடைக்காக.
உளவுத்துறைக் கர்னல். அடுத்த ஆண்டும் கர்னல்.
அதற்கடுத்த ஆண்டு ஓய்வுபெற்ற கர்னல்.

கொலோனிலிருந்து ஓர் அஞ்சலட்டை வந்தது.
பேக்கரியில் ஒரு பெண் அவனுக்கு ரொட்டி தர மறுத்திருக்கிறாள்.
'என் அண்ணனை விசாரித்தது நீதானே?'
பின்னால் ஏழு பேர் வரிசை.
நான் நடிகன் என்று சொல்ல வாய் வரவில்லையாம்.
வெறுங்கையோடு இறங்கி நடந்திருக்கிறான்.
கடைசியில், மேடைக் கையெழுத்து இல்லை, நடுங்கிய பென்சில்:
'ஃப்ராவ் வெங்க், அந்த இடத்தில் என் வரி என்ன?'

போன ஞாயிறு துப்பறியும் தொடரில்
ஏரிக்கரையில் பிணமாகக் கிடந்தான்.
எண்பத்தொரு வயதில் வசனமில்லாத வேடம்.
மருத்துவர் துணியை விலக்கியபோது
குரல்வளை ஒருமுறை ஏறி இறங்கியது.
ஒருவரும் அதை வெட்டி எறியவில்லை.
தலை இடப்பக்கமாகச் சாய்ந்திருந்தது.

சர்க்கரை டப்பாவுக்கு அடியில் அந்த அட்டை இருக்கிறது.
நான்கு பதில் எழுதி, நான்கையும் அடித்திருக்கிறேன்.
முக்காலியை
தொலைக்காட்சிக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டு
வாயைத் திறந்தேன்.
அவன் காத்திருந்தான்.

துணியை மூடிவிட்டார்கள்.