ஓட்டமாவடிக் கிணறு, நூறு மில்லிலீற்றர்

நெக்டோ போத்தலில் வந்தது தண்ணீர்.
வாயில் பொலித்தீன் சுற்றி, றப்பர் வளையம் இரண்டு போட்டு,
பதினொரு மணி பஸ்ஸில், கொண்டக்டரின் காலடியில்.
ஒட்டியிருந்த துண்டில் பேனையால்:
"உவைஸ் ஹோட்டல். தேத்தண்ணி கறுக்குது.
சாயம் பிழையா, தண்ணி பிழையா?"

முக்கால் போத்தல்தான் தண்ணீர்.
மிச்சம் காற்று.
அதை நான் அப்போது கணக்கில் எடுக்கவில்லை.

அமிலம் ஊற்றினேன். அளவியில் ஊதா நிரப்பினேன்.
பரமங்கனேற்றுக்கு வேறு காட்டி வேண்டாம்,
வேலையும் அதுவே, சாட்சியும் அதுவே.
ஒரு மங்கனீசுக்கு ஐந்து இலத்திரன் தேவை.
ஓர் இரும்பின் கையில் கொடுக்க இருப்பதோ ஒன்று.
ஐந்து இரும்புகள் கூடித்தான்
ஓர் ஊதாவை உரிக்கின்றன,
ஐந்து வீட்டார் சீட்டுக் கட்டி
ஒருவன் கடனை அடைப்பதுபோல.
அதுவரை குடுவையில் விழுவதெல்லாம் காணாமல் போகும்.
இரும்பு தீர்ந்தபின் வரும் துளி
போக்கிடம் இல்லாமல் நிற்கும், இளஞ்சிவப்பாய்.
முப்பது விநாடி கலையாமல் நின்றால்
திருகை மூடலாம்.

புள்ளி ஏழு மில்லிலீற்றர்.
காய்ச்சி வடித்த வெறும் நீர் சிவக்கவே
புள்ளி ஒன்று கேட்கிறது. கழித்தேன்.
ஐந்தால் பெருக்கினேன், இரும்பின் திணிவால் பெருக்கினேன்.
லீற்றருக்கு ஒன்று புள்ளி ஏழு மில்லிகிராம்.
இதற்குத் தேத்தண்ணி முகம் சுளிக்கும்.
போன் போட்டுச் சொல்லுமளவுக்குக் கறுக்காது.

மிச்சத் தண்ணீரை யன்னலோரம் தூக்கிப் பார்த்தேன்.
அடியில் செங்கல் தூள்போல ஒரு படிவு.

கிரான், சித்தாண்டி, செங்கலடி,
பஸ் இறங்கி ஏறிய ஒவ்வொரு குழியிலும்
அந்தக் கால் போத்தல் காற்று
இரும்பிடமிருந்த ஒற்றை இலத்திரனைக்
கறந்துகொண்டே வந்திருக்கிறது.
ஏற்கெனவே கொடுத்துவிட்டவனிடம்
என் ஊதா எதைக் கேட்கும்?
நான் அளந்தது கிணற்றை அல்ல,
திருகோணமலை வீதியை.

அறிக்கைத் தாளில் இலக்கத்துக்கு ஒரு கட்டம் உண்டு.
வீதிக்கு இல்லை.
பென்சிலால் எழுதியதை அழித்தேன்.

சனிக்கிழமை நானே போனேன்.
போத்தலுக்குள் முன்கூட்டியே அமிலம்.
பம்பை நூறு தரம் அடித்து, கழுத்துவரை நிரப்பி,
ஒரு குமிழியும் இல்லாமல் மூடினேன்.
உவைஸ் காக்கா என் விரல்களைப் பார்த்தார்,
பரமங்கனேற்று பட்டு மண்ணிறமானவை.
சுருட்டா என்று வாய் கேட்கவில்லை, கண் கேட்டது.
தேத்தண்ணி தந்தார். மை.
மரியாதைக்குப் பாதி குடித்தேன்.

திங்கள் காலை: நாலு புள்ளி நாலு.
மூன்று தரம் செய்தேன்,
மூன்றும் ஒரு துளிக்குள் ஒத்துப்போயின.
கழிக்கவேண்டியதைக் கழித்தால்
லீற்றருக்குப் பன்னிரண்டு.
கடைசிக் குடுவை சிவந்த நேரம் பார்த்து போன் அடித்தது.
எடுக்கவில்லை. இருபத்தெட்டு. இருபத்தொன்பது.

அவர்தான்.
"நல்ல தண்ணியா, கெட்டதா, மிஸ்?"
பன்னிரண்டுக்கு அந்தச் சொற்கள் தெரியாது.
எனக்கும் உடனே வரவில்லை.
"கையை உசத்தித் தேத்தண்ணிய ஆத்துறீங்கதானே?
அதுக்கு முதல் தண்ணிய ஆத்துங்க.
பீப்பாயில ஒரு ராத்திரி விடுங்க.
அடியைக் கலக்காம மேலால அள்ளுங்க."
அந்தப் பக்கம் கோப்பைச் சத்தம், யாரோ மிச்சக் காசு கேட்டார்கள்.
"ஆத்துறதுக்கா இவ்வளவு கணக்கு?"

என் முதல் மாதிரியைக் கெடுத்த அதே காற்றைத்தான்
மருந்தாக எழுதிக் கொடுத்தேன்
என்று சொல்லவில்லை.

குடுவையில் இளஞ்சிவப்பு மெல்ல வெளிறிக்கொண்டிருந்தது.
முப்பது விநாடிக்குப் பிறகு நடப்பது
கணக்கில் சேராது.