இரண்டு மணி பத்து

எதிராளி: சட்டமா அதிபர்.
அவரை நான் கண்டதில்லை.
அவரும் என்னைக் கண்டிருக்க வழியில்லை;
பட்டிருப்புப் பாலத்தடியில்
மாரி இரவில் அவருக்கு என்ன வேலை?

அரசு கடன்பட்டால்
அவர் பேரில்தான் வழக்கு வைக்க வேண்டுமாம்.
றிஸ்மியா சட்டத்தரணி சொன்னா.
வழக்காளி என்ற இடத்தில்
வேலாப்போடி தவநேசன் என்று எழுதி
அமைய ஊழியர் என்று கீழே போட்டா.
பதினொரு வருசமாய் அமைய.
இன்னும் ஒன்றும் அமையவில்லை.

கேட்பது இவ்வளவுதான்:
நாலு மாரி, நானூற்றுப் பன்னிரண்டு இரவு,
இரவுக்கு எட்டு மணித்தியாலம்,
மணித்தியாலத்துக்கு நூற்றைம்பது.
பெருக்கிப் பாருங்கள்.
நான் பெருக்கியது
மனிசியின் காப்பை அடகு வைத்த
வங்கித் துண்டின் பின்பக்கத்தில்.

பெரிய வேலை இல்லை.
தூணில் அடித்த அளவுகோலுக்கு டோர்ச் அடித்து
தண்ணீர் எந்தக் கோட்டில் நிற்கிறதென்று
மணிக்கொருக்கால் கொப்பியில் எழுத வேண்டும்.
மறுகா போன்.
நாலடியைத் தாண்டினால்
கல்லாற்று முகத்துவாரத்தை வெட்டுவார்கள்.
தாண்டாவிட்டால் என்னை ஒருவரும் தேடமாட்டார்கள்.

வாடை அடித்தால் வாவி பொய் சொல்லும்.
அலை ஏறி இரண்டு அங்குலம் கூட்டிக் காட்டும்.
அது அடங்கும்வரை பொறுத்து நின்று
நடுக்கோட்டை எடுக்கப் பழகினேன்.
அதை ஒருவரும் சொல்லித் தரவில்லை.
அதற்கு நான் காசும் கேட்கவில்லை.

அரச தரப்பு எழும்பிச் சொன்னது:
இரவுக் கடமைக்குக் கட்டளைக் கடிதம் இல்லை.
வரவு இடாப்பில் ஒப்பம் இல்லை.
இடாப்பு கிடக்கும் அலுவலகத்தை
நாலே காலுக்குப் பூட்டுவார்கள், ஐயா.
கொப்பியை விடிந்த பிறகும் எழுதலாமே, என்றார்கள்.

எழுதலாம்.
கூண்டில் நின்று நானும் யோசித்தேன்.
வீட்டில் போர்த்துப் படுத்துக்கொண்டு
மூன்றடி ஏழு என்று எழுதியிருக்கலாம்.
வாவி வந்து மறுக்கப் போவதில்லை.

அப்போதுதான் றிஸ்மியா
திணைக்களத்தின் வெள்ள அறிக்கையை விரித்தா.
மினுங்கும் அட்டை, மூன்று மொழி,
முதல் பக்கத்தில் பணிப்பாளரின் சிரிப்பு.
முப்பத்தோராம் பக்கம், அட்டவணை:
பட்டிருப்பு, அதிகாலை 2.10, நாலடி ஒரு அங்குலம்.
அந்த வரிக்குப் பிறகுதான் வெட்டக் கட்டளை போனது.
அந்த வெட்டுக்குத்தான் பாராட்டுக் கடிதம் வந்தது,
பணிப்பாளருக்கு.

கொப்பியில் மற்றதெல்லாம் முழு மணி.
ஒன்று, மூன்று, நாலு.
இது மட்டும் ஏன் இரண்டு பத்து?
அலை அடங்கப் பத்து நிமிசம் பிடித்தது, ஐயா.

பின்வாங்கில் ஆரோ சிரித்தார்கள்.
நீதிபதி சிரிக்கவில்லை. எழுதினார்.
நான் சொன்னதை இன்னொருவர் எழுதுவதை
அன்றைக்குத்தான் பார்த்தேன்.

மறுகா தவணை.
அறிக்கையில் ஒப்பமிட்டவர் மாற்றலாகிப் போய்விட்டார்,
அழைப்பாணை அனுப்ப வேண்டும்.
நவம்பர் பத்தொன்பது.
மாரிக்குள் வருகிறது. விடியும்வரை பாலத்தடி,
ஒன்பது மணிக்குக் கூண்டு.

இன்றைக்கு வந்ததும் சம்பளமில்லாத லீவில்.
சம்பளம் கேட்கச் சம்பளமில்லாத லீவு.
இதையும் கணக்கில் சேர்க்கலாமா என்றேன்.
றிஸ்மியா ஒள்ளுப்பம் சிரித்தா,
சேர்க்கலாம் என்று சொல்லவில்லை.

களுவாஞ்சிக்குடியில் பஸ்ஸால் இறங்கி
டோர்ச்சுக்கு இரண்டு பற்றரி வாங்கினேன்.
துண்டு கேட்டேன்.
இருநூற்றி நாற்பது ரூபாவுக்குத் துண்டா என்று
கடைப் பொடியன் கிறுகிப் பார்த்தான்.

திகதி போடு மகன், என்றேன்.
நேரமும் போடு.