ஒன்பது விநாடி

சியாத்துராவில் கேபிள் பெட்டி நடுவானில் நின்றுபோனது.
கேமரா ஓடிக்கொண்டிருந்தது.
கீழே க்விரிலா ஆறு, மாங்கனீசு கலந்து கறுப்பாக.
எதிரே உட்கார்ந்திருந்த வக்தாங், சுரங்கத்தில் இரவு ஷிப்ட்,
பையைத் துழாவிச் சூரியகாந்தி விதை எடுத்து
எனக்கும் நீட்டினார்.
இடது கையில் வாங்கிக்கொண்டேன்.
வலது கை ஃபோகஸை விடவில்லை.

பதினோரு நிமிடம்.

அந்தக் குளிர்காலம் முழுக்க, திபிலிசியில்,
சலவை இயந்திரத்தின் மேல் மானிட்டரை ஏற்றிவைத்து
அதை வெட்டிக்கொண்டிருந்தேன்.
பிடித்தவளும் நான்தான், வெட்டுகிறவளும் நான்தான்.
பிடித்தவள் சொல்கிறாள்: விரல் மரத்துப்போகப் பிடித்தது, தொடாதே.
வெட்டுகிறவளுக்குக் குளிர் எட்டாது.
மேல்வீட்டில் குழாய் ஓடினால்
ஹெட்போனை அழுத்திக்கொண்டு
விதை உடைகிற இடத்தைத் தேடுவாள்.

நடுவில் வாடகை வந்துவிடும்.
சனிக்கிழமைகளில் கல்யாண வீடியோ.
ருஸ்தாவியில் ஒரு மாப்பிள்ளை கேட்டான்:
என் மாமாவை மொத்தமாக எடுத்துவிட முடியுமா?
எடுத்தேன்.
நடன வட்டத்தில் மட்டும் ஒரு கை மிஞ்சியது,
ஒயின் கோப்பையோடு.
யார் கை என்று இன்றுவரை ஒருவரும் கேட்கவில்லை.
அந்தக் காசில் ஹார்ட் டிஸ்க் வாங்கினேன்.

விழா மலரில் ஒளிப்பதிவு: நெஸ்தான் லபாத்ஸே.
படத்தொகுப்பு என்ற வரியே இல்லை.
ஒரே பெயர் இரண்டு தடவை வந்ததால்
அச்சுப்பிழை என்று நினைத்துத் தூக்கிவிட்டார்களாம்.
இயக்குநர் எலிஸோ கத்தினாள்.
எனக்குக் கொஞ்சம் சிரிப்புதான் வந்தது,
நானும் அந்த வேலைதானே பார்க்கிறேன்.

மே மாதம் ஊருக்கே எடுத்துப்போய்ப் போட்டோம்,
கலாச்சார மாளிகையில், பாதி நாற்காலிக்கு முதுகு கிடையாது.
பதினோரு நிமிடம் திரையில் இரண்டரை.
பெட்டி ஆடுகிறது, விதை உடைகிறது, பேச்சு இல்லை.
அழகான மௌனம் என்று எங்கோ எழுதினார்கள்.

விளக்கு போட்டதும் வக்தாங் வந்தார், சலூனில் முடி வெட்டிய புதுத் தலை.
"அங்கே நான் ஒன்று சொன்னேனே,
அது எங்கே?"

சொன்னார். பயப்படாதே, கரண்ட் வந்துவிடும் என்றார்.
பயமில்லை என்றேன் நான்.
ஃபிரேம் முழுக்க நடுங்கிக்கொண்டிருந்தது.
என் குரல் விழுந்துவிட்டது என்று
அவர் குரலையும் சேர்த்து வெட்டினேன்.

சொன்னேன் அவரிடம்.
தலையைத் தடவிக்கொண்டார்.
"எனக்கும்தான் கால் நடுங்கியது. அதை எடுத்தாயா?"

காலை எடுக்கவில்லை.
கேமரா முகத்தில் இருந்தது.

ஒன்பது விநாடி
இன்னும் டிஸ்க்கில் இருக்கிறது, பெயர் வைக்காத கோப்பாக.
நாளைக்கு மறுபடி சனிக்கிழமை.
பேட்டரி சார்ஜில் போட வேண்டும்.