குளிர்ந்த இடத்துக்குக் கட்டம் இல்லை

ஜுபைலில் எனக்கு வேலை
சூட்டைப் படம் பிடிப்பது.
கழுத்தில் தொங்கும் கேமரா
வெளிச்சத்தைக் கண்டுகொள்ளாது.
ஜன்னல் கண்ணாடி அதற்குச் சுவர்.
பம்பின் பேரிங், தளர்ந்த ஃபியூஸ்,
உள்ளே செங்கல் உதிர்ந்த உலைச்சுவர்,
எது எங்கே எரிச்சலில் இருக்கிறது என்று
சொல்லிவிடும்.

துருவை நம்பலாம்.
பாலிஷ் போட்ட ஸ்டீல் பொய் சொல்லும்:
தன் சூட்டை மறைத்துக்கொண்டு
எதிரே நிற்பவன் சூட்டைக் காட்டும்.
மேனேஜர்களிடமும் பார்த்திருக்கிறேன்.

எம்.எஸ்சி.யில் என் ப்ராஜெக்ட்
விண்மீன்களுக்கு நடுவே கிடக்கும் கரித்தூள்.
அறுகோணம் அறுகோணமாய்க் கோத்த கார்பன்;
புற ஊதா ஒரு துளி பட்டால் போதும்,
உடம்பெல்லாம் அதிர்ந்து
அகச்சிவப்பாய் அதைத் திருப்பிக் கொடுத்துவிட்டு
மறுபடி ஆறும்.
வைவாவில் கேட்டார்கள், இதனால் என்ன பயன்?
இங்கே ஃப்ளேர் கோபுரத்தின் கீழ் நின்று
மூக்கைச் சிந்தினால்
கைக்குட்டையில் அதே குடும்பத்துக் கரி.
பதில் கிடைத்தபோது
கேட்டவர்கள் பக்கத்தில் இல்லை.

ஜூலை. மதியத் தடை முடிந்து
மூன்றரைக்கு வந்தது ஷமால்.
முதலில் நீலம் போயிற்று.
தூசு நீலத்தைத் தின்னும், சிவப்பை விட்டுவிடும்,
மேலேயும் அப்படித்தான், ஒளியாண்டுக் கணக்கில்.
சூரியன், செம்பு நிற ஐந்து ஹலாலா.
பிறகு அதுவும் இல்லை.

அசெம்ப்ளி பாயிண்டில் ரொடெல் தலை எண்ணினான்.
நாற்பது.
மறுபடி எண்ணினான்.
காலையில் நாற்பத்தொன்று.
மொஃபிஸுர். இன்சுலேஷன் கேங். பரிசால்காரன்.
அவனிடம் ரேடியோ கிடையாது.

கேமராவைத் தூக்கினேன்.
டாங்கி அறுபத்தெட்டு. தரை அறுபத்தொன்று.
நீராவிக் குழாய் அளவுகோலைத் தாண்டிப் போனது.
காற்றே நாற்பத்தொன்பது.
எல்லாம் வெண்மஞ்சள், எல்லாம் கொதிப்பு.
வெண்மையைத் தேடு என்பது பயிற்சி.
ஆளைத் தேடும்போதும் அதையே தேடினேன், மடையன்,
முழுசாய் ஐந்து நிமிடம்.

பால்வீதியை அகச்சிவப்பில் எடுத்த படம் ஒன்று
ஹாஸ்டல் சுவரில் ஒட்டியிருந்தேன்.
பளீரென்ற பட்டையில் நடுநடுவே கறுப்புத் திட்டு.
வானத்தில் ஓட்டை என்று நினைத்த காலமும் உண்டு.
ஓட்டை இல்லை.
பின்னணியைவிடக் குளிர்ந்த மேகம்,
மைனஸ் இருநூற்று ஐம்பத்தைந்து டிகிரி,
உள்ளே இன்னும் பற்றாத நட்சத்திரம்.

கறுப்பைத் தேடினேன்.

பைப்ரேக் அடியில்,
சாரப் பலகைக்குப் பின்னால்,
மடக்கிய குடை அளவுக்கு ஓர் இருட்டு.
குறுக்குக் கோட்டை அதன் மேல் வைத்தேன்.
முப்பத்தைந்து புள்ளி எட்டு.
இன்னும் வேர்க்கிறான்.
வேர்வை நின்றால் எண் ஏறும்.
ஏற ஏறத் தரையின் நிறத்தில் கரைவான்.
அப்புறம் கேமராவுக்கு அவன் இல்லை.

தரையைப் பார்க்காமல் எண்ணைப் பார்த்து ஓடினேன்.
முப்பத்தாறு.
முப்பத்தாறு புள்ளி மூன்று.
முழங்காலை எதிலோ இடித்துக்கொண்டது
ராத்திரி குளிக்கும்போதுதான் தெரிந்தது.

ஈரத் துண்டை முகத்தில் சுற்றிக்
குந்தியிருந்தான்.
"இங்கேதானே இருந்தேன், பாய்" என்றான்,
ஏதோ நான்தான் தொலைந்துபோனவன் போல.

ராத்திரி ரிப்போர்ட்.
சூடான இடம், எண், தீவிரம், பரிந்துரை:
நாலு கட்டம்.
குளிர்ந்த இடத்துக்குக் கட்டம் இல்லை.
வெல்டிங் பிளக் ஒன்றை எழுதி அனுப்பினேன்.

படத்தைக் கேட்டு வந்தான் மொஃபிஸுர்,
வீட்டுக்கு அனுப்பவாம்.
பார்த்தான். போனைத் திருப்பிப் பிடித்துப் பார்த்தான்.
"இது நானா? ஏன் இவ்வளவு கறுப்பு?"
சுற்றி எல்லாம் எரியும்போது
எரியாதது கறுப்பாய் விழும் என்றேன்,
என் உடைந்த இந்தியில்.
"அச்சா" என்றான் மரியாதைக்கு.
பிறகு என் கூலிங் கிளாஸை இரவல் வாங்கி மாட்டிக்கொண்டு
மெஸ் வாசல் ட்யூப் லைட் அடியில் போய் நின்றான்,
சரியாய் ஒன்று எடுக்கச் சொல்லி.